பேப்பர் பேர்

"அண்ணை, பிறப்பிடம் என்ன போடுறது?"

கரிகாலன் கேட்டது இவ்வளவுதான். பாரிஸ் லாச்சப்பலில் கண்ணீர் அஞ்சலி நோட்டீஸ் அடிக்கிற கடைக்காரன் வேறென்னத்தைக் கேட்பான்? மனைவி கண்ணை மூடி ஒரு மணித்தியாலம்கூட ஆகவில்லை. அதற்குள் அக்கா கோசலை கடைக்குச் சொல்லிவிட்டாள். ஆஸ்பத்திரி நடையில், கோப்பி மெஷினுக்குப் பக்கத்தில், குலசேகரம் போனைக் காதில் வைத்துக்கொண்டு நின்றார். முப்பத்துமூன்று வருடமாகச் சொல்லிச் சொல்லிப் பழகிய பதில் வாயில் தயாராக இருந்தது. யோசிக்காமல் விட்டுவிட்டார்.

"மலேசியா, கிள்ளான்."

"பேர் ரத்தினாவதி குலசேகரம். அப்பிடியே போடவோ?"

"ஓம்."

போனைச் சட்டைப்பைக்குள் வைத்த பிறகுதான் தான் செய்த வேலை மனுசனுக்கு உறைத்தது. எட்டு நாளைக்கு முன்னர், இதே மாடியில், மனைவியின் கையைப் பிடித்துச் சத்தியம் பண்ணியிருந்தார். செத்த பிறகாவது உன் சொந்தப் பேரைச் சொல்லுவேன் என்று. சத்தியம் எட்டு நாள் தாங்கவில்லை.

உள்ளதைச் சொன்னால், அவள் ரத்தினாவதியும் இல்லை, கிள்ளானும் இல்லை, தமிழச்சியும் இல்லை. அவள் பெயர் வெனிங் அஸ்தாரி. இந்தோனேசியாவில் காருத் என்ற ஊரில், தையல்காரர் ஒருவரின் மூன்றாவது மகளாகப் பிறந்த முஸ்லிம் பெண். ஒரு காலத்தில் ஜகார்த்தாவின் தியேட்டர் வாசல்களில் அவள் முகம் இரண்டு ஆள் உயரத்துக்கு நின்றது. இது பாரிசில் ஒரே ஒரு ஆளுக்குத்தான் தெரியும். அந்த ஆள் இப்போது கோப்பி மெஷினைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

அன்றைக்கு அவள் கேட்டது மூன்றே விஷயம். வலிக்கு ஊசி போட்டு, வாய் உலர்ந்து போயிருந்தாலும் சொல் தெளிவாகத்தான் வந்தது.

"இஞ்சருங்கோ, என்னை எரிக்க வேண்டாம். மண்ணுக்குள்ளை வையுங்கோ. மேலை என்ரை சொந்தப் பேரைப் போடுங்கோ. மிருணாவுக்கு எல்லாத்தையும் நீங்களே சொல்லுங்கோ."

"நீயே சொல்லன் பிள்ளைக்கு."

"இது நீங்கள் துவங்கின கதை. முடிக்கிறதும் நீங்கள்தான்." பிறகு அந்த நிலைமையிலும் சிரித்தாள். "படங்களிலை என்னை இருபத்தைஞ்சு தரம் புதைச்சவங்கள். எனக்குப் பழக்கம். கொஞ்சம் ஈரமா இருக்கும், வேறை ஒண்டுமில்லை. நெருப்பு ஒருக்காத்தான். அது காணும்."

குலசேகரம் கையைப் பிடித்துச் சத்தியம் பண்ணினார். அவள் நம்பினாளா இல்லையா என்பது முகத்தில் தெரியவில்லை. நடிகை அல்லவா.

அவள் நடிக்க வந்தது பதினேழு வயதில். ஊர்ப் புகைப்படக்காரன் எடுத்த படம் ஒரு சஞ்சிகையின் அட்டைக்குப் போக, அதைப் பார்த்த தயாரிப்பாளர் ஒருவர் ஆளை அனுப்பித் தகப்பனிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார். பெரிய கண்ணும் இடுப்புக்குக் கீழே தொங்கும் கூந்தலும் பேய்க்கு எடுப்பாக இருக்கும் என்று அந்த மனிதருக்குத் தோன்றியது. பிறகென்ன, எட்டு வருடம், இருபத்தாறு படம், எல்லாவற்றிலும் பேய்தான். கதையும் ஒன்றுதான். கிராமத்துப் பெண்ணை நாலு ஆண்கள் சேர்ந்து கெடுப்பார்கள், அவள் செத்துப்போவாள், புதைப்பார்கள், எழும்பி வந்து ஒவ்வொருத்தனாகத் தீர்த்துக்கட்டுவாள், கடைசி ரீலில் ஒரு பெரியவர் வேதம் ஓதி அவளைத் திரும்பக் குழிக்குள் அனுப்புவார். கெடுப்பதைப் பார்க்க ஒரு கூட்டமும் கொல்வதைப் பார்க்க ஒரு கூட்டமும் டிக்கெட் எடுத்தன. தெருவில் அவளைக் கண்டால் பெண்கள் பிள்ளையின் கண்ணைப் பொத்துவார்களாம்.

கடைசிப் படத்தில் புதைக்கிற கதையை மாற்றினார்கள். ஊரே கூடி அவளைக் குடிசைக்குள் வைத்துக் கொளுத்த வேண்டும். ஒத்திகை ஒழுங்காகத்தான் நடந்தது. ஈரச் சாக்கு, பின்பக்கம் திறக்கிற தட்டி, எல்லாம் இருந்தது. எடுக்கிற நேரம் தீ போதாது என்று தயாரிப்பாளருக்குப் பட்டது. இன்னும் ஒரு தகரம் மண்ணெண்ணெய் ஊற்றச் சொன்னார். அதை அவளிடம் ஒருவரும் சொல்லவில்லை. பின்தட்டி இறுகிவிட்டது. கேமரா நிற்கவில்லை.

இடது தோளிலிருந்து தொடை வரைக்கும் வெந்துபோனது. அவள் ஆஸ்பத்திரியில் குப்புறப் படுத்திருந்தபோது, அந்தக் காட்சியை வெட்டாமல் படத்தில் வைத்து, உண்மையாகவே எரிந்த நடிகை என்று போஸ்டரும் அடித்து ஆறு கிழமை ஓட்டினார்கள். சண்டாளர்கள். அந்தப் படத்தை அவள் ஒருநாளும் பார்த்ததில்லை.

ஒரு தொண்டு நிறுவனம் தோல் வைத்தியத்துக்கு அவளைப் பாரிசுக்கு அனுப்பியது. மூன்று தரம் வெட்டி ஒட்டினார்கள். விசா முடிந்தது. திரும்பிப் போனால் பேய்க்கும் எடுக்கமாட்டார்கள் என்று தெரிந்துகொண்டு இங்கேயே நின்றுவிட்டாள். வீடு துடைத்தாள், பிறகு ஒரு உணவகக் குசினியில் சலாது கழுவினாள். அடுப்புப் பக்கம் போகமாட்டாள் என்பதால் எந்நேரமும் தண்ணீர்த் தொட்டியடியில்தான் வேலை. அங்கேதான், கோப்பை கழுவிக்கொண்டு, யாழ்ப்பாணத்து வேலணையிலிருந்து வந்த குலசேகரம் நின்றார். கழுத்தில் தெரிந்த தழும்பைப் பற்றி அவரும் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை. ஆறு மாதம் பக்கத்தில் பக்கத்தில் நின்று கழுவினார்கள். பிறகு சொன்னாள்.

அது தொண்ணூறாம் வருடக் கடைசி. இயக்கம் யாழ்ப்பாணத்து முஸ்லிம்களை உடுத்த உடுப்போடு வெளியே போகச் சொன்ன வருடம். லாச்சப்பலில் அதைச் சரி என்றவர்களும் உண்டு, பிழை என்று நினைத்தவர்கள் வாயை மூடிக்கொண்டிருந்தார்கள். அந்த நேரம் பார்த்துக் கோசலை தம்பிக்கு ஊரில் பெண் பார்த்து, போட்டோவும் எடுப்பித்து வைத்திருந்தாள். முஸ்லிம் பெண், அதுவும் சினிமாவில் ஆடியவள் என்று எந்த வாயால் சொல்லுவது? ஒரு ஞாயிற்றுக்கிழமை அக்கா வீட்டு மேசையில் உட்கார்ந்து, சோற்றைப் பிசைந்தபடி, மலேசியாத் தமிழ்ப் பிள்ளை ஒன்றைப் பிடித்திருக்கிறது என்றார்.

கோசலை கேட்ட முதல் கேள்வி, "என்ன ஆக்கள்?"

"எங்கடை ஆக்கள்தான். அந்தக் காலத்திலை மலாயாவுக்குப் போன பரம்பரை. தாய்ப்பக்கம் கொஞ்சம் சீனம் கலந்தது. முகத்திலை தெரியும்."

ஒரு வருடத்துக்குத்தான், அக்காவின் கோபம் ஆறுமட்டும்தான் என்று வெனிங்கிடம் சொன்னார். அவளும் சரி என்றாள். அவளுக்கு அது ஒரு வேடம். இரண்டு மாதம் லாச்சப்பலின் ரூ லூயி-பிளாங் தெருவில் மேலும் கீழும் நடந்து தமிழ்ப் பெண்களைப் பார்த்தாள். முருங்கைக்காயை எப்படி முறுக்கிப் பார்க்கிறார்கள், சேலைத் தலைப்பை எந்தக் கையால் இழுக்கிறார்கள், பிடிக்காத ஆளைக் கண்டால் எப்படிச் சிரிக்கிறார்கள், புருசனை எப்படிக் கூப்பிடுகிறார்கள். வீட்டுக்கு வந்து கண்ணாடிக்கு முன்னால் நின்று "இஞ்சருங்கோ, இஞ்சருங்கோ" என்று சொல்லிப் பார்ப்பாள். குலசேகரம் ஓம் என்று திரும்பினால், "உங்களை இல்லை" என்பாள். பேச்சில் பிசகு வந்தால் அது மலேசியாத் தமிழ் என்று எல்லோரும் எடுத்துக்கொண்டார்கள்.

ஒருமுறை மெய்யாகவே கிள்ளான்காரர் ஒருவர் சாப்பாட்டுக் கடையில் எதிர்ப்பட்டார். குலசேகரம் வாசலைப் பார்த்தார். அவளோ முந்திக்கொண்டு மலாயில் பிடித்தாள் பாருங்கள், பத்து நிமிடம் அந்த மனிதரை வாய் திறக்க விடவில்லை. அவளுடைய மொழிக்கும் மலாய்க்கும் அடுத்த வீட்டுத் தூரம்தானே. கடைசியில் அவர் குலசேகரத்தின் தோளில் தட்டி, "ஒங்க வைஃப் என்னைவிட நல்லா மலாய் பேசுறாங்க சார்" என்று சொல்லிவிட்டுப் போனார். வீட்டுக்கு வந்து முகத்தைக் கழுவிக்கொண்டே, "ஒரே டேக்கிலை ஓகே" என்றாள் அவள்.

ஒரு வருடம் இரண்டாச்சு, மிருணாளினி பிறந்தாள், பிறகு சொல்லலாம் பிறகு சொல்லலாம் என்று பிள்ளைக்கு முப்பது வயதாகிவிட்டது. இதற்கு நடுவில் நடந்த ஒன்றை மட்டும் குலசேகரத்தால் நினைக்காமல் இருக்க முடிவதில்லை. காருத்தில் அவளுடைய தாய் செத்துப்போனாள் என்று தங்கை போன் எடுத்த நாள் அது. கதையின்படி ரத்தினாவதியின் தாய் எப்போதோ செத்திருந்தாள். செத்தவள் திரும்பவும் சாக முடியுமா? வெனிங் குளியலறைக்குள் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டு அழுதாள். பின்னேரம் கோசலையின் பேரனுக்குப் பிறந்தநாள். சேலை உடுத்துக்கொண்டு போய்ப் பந்தியில் நின்று பரிமாறினாள். அங்கே அவளைப் பார்த்து, மச்சாள் நல்ல வடிவாயிருக்கிறா இண்டைக்கு என்று கோசலையே சொன்னாள்.

நெருப்பு மட்டும்தான் அந்த வேடத்துக்குள் அடங்கவில்லை. வீட்டில் காஸ் அடுப்பு இல்லை. சாமி விளக்கை ஏற்றுவது குலசேகரம். பிள்ளையார் கோயில் தேருக்குப் பெண்கள் கற்பூரச்சட்டி எடுத்துப் போகும்போது இவள் தெருவின் மற்றப் பக்கத்தில், கடைக் கண்ணாடியோடு ஒட்டிக்கொண்டு நிற்பாள். சின்ன வயதில் ஸ்டவ் வெடித்தது என்று பிள்ளைக்கும் ஊருக்கும் சொல்லியிருந்தார்கள்.

நீங்கள் கேட்கலாம், பிரான்சில் கடதாசி இல்லாமல் மனிதர் இருக்க முடியுமா, அதில் உண்மைப் பெயர் இருக்காதா என்று. இருந்தது. கல்யாணப் பதிவில், மிருணாளினியின் பிறப்புச் சான்றிதழில், ஆஸ்பத்திரி அட்டையில், எல்லாவற்றிலும் வெனிங் அஸ்தாரி, பிறந்த இடம் காருத், இந்தோனேசியா என்று கொட்டை எழுத்தில் இருந்தது. ஒளிக்கவே தேவைப்படவில்லை. ஏனென்றால் லாச்சப்பலில் பேப்பரை யார் நம்புகிறார்கள்? ஏஜென்சிக்காரன் கொடுத்த பாஸ்போட்டில் ஒரு பேர், விசாவுக்குச் சொன்ன பேர் ஒன்று, தாய் தகப்பன் வைத்தது ஒன்று. பேப்பரில் கிறிஸ்தோப்பர் என்று இருக்கிறவனை ஊரே சேந்தன் என்று கூப்பிடும். பேப்பர் பேர் என்றால் பொய்ப் பேர் என்பது அந்தத் தெருவில் பால்குடிப் பிள்ளைக்கும் தெரியும். அம்மா இந்தோனேசியப் பாஸ்போட் ஒன்றில் வந்தவ, அது வேறை ஆரோடையோ பேர் என்று மிருணாளினிக்கு ஐந்து வயதில் சொன்னது. அவள் தலையாட்டிவிட்டுப் போய்விட்டாள். வகுப்பில் பாதித் தமிழ்ப் பிள்ளைகளின் வீட்டில் இதே கதைதான். அந்தத் தெருவிலேயே உண்மை எழுதியிருந்த ஒரே பேப்பர் அதுதான், அதைத்தான் பொய் என்று எல்லோரும் நம்பினார்கள்.

மறுநாள் காலை ரூ லூயி-பிளாங் முழுக்க நோட்டீஸ் ஒட்டியாகிவிட்டது. மலேசியா கிள்ளானைப் பிறப்பிடமாகவும் பாரிஸ் லாச்சப்பலை வதிவிடமாகவும் கொண்ட திருமதி ரத்தினாவதி குலசேகரம். சேலையும் பொட்டுமாக அவள் சிரித்தாள். தகனத்துக்குக் கோசலை புதன்கிழமையைப் பேசி வைத்திருந்தாள், அடியில் தேதியும் இருந்தது. குலசேகரம் இன்றைக்குச் சொல்லிவிட வேண்டும் என்று சவரம் பண்ணி, கோட்டுப் போட்டுக்கொண்டு கரிகாலனின் கடைக்கு இறங்கினார். நோட்டீசை எடுத்து வேறு அடி என்று சொல்ல வேண்டும். சொன்னால் ஏன் என்று கேட்பான். அங்கே தொடங்கிவிடலாம்.

கடைக்குள் மூன்று நாலு பேர் நின்றார்கள். அவரைக் கண்டதும் எல்லோரும் வழி விட்டார்கள். ஒருவர் கையைப் பிடித்துக்கொண்டு, "அண்ணை, எங்கடை பொம்பிளையளிலும் பார்க்க எங்கடை ஆளா இருந்தவ" என்றார். கரிகாலன் எழுந்து நின்று, "என்ன அண்ணை, ஏதும் பிழையோ?" என்று கேட்டான்.

"போட்டோ கொஞ்சம் சின்னனாப் போச்சு" என்றார் குலசேகரம்.

பெரிதாக்கி மத்தியானத்துக்குள் திரும்ப ஒட்டிவிடுகிறேன் என்றான் அவன். சொன்னபடி செய்தும் விட்டான்.

சவ அடக்க ஏற்பாடு செய்கிற கந்தோருக்கு மிருணாளினிதான் கூட்டிக்கொண்டு போனாள். புறநகர் எபினேயிலிருந்து வந்து, வேலைக்கு லீவு போட்டு, கண் வீங்கிப் போயிருந்தாள். ஆரெலி என்ற பிரெஞ்சுப் பெண் படிவத்தை நிரப்பினாள். மரியாதையான பிள்ளை. ஒவ்வொரு எழுத்தாக வெனிங் அஸ்தாரி என்று வாய்விட்டுச் சொல்லிச் சரியாக எழுதினாள். அந்தப் பேரை இன்னொரு வாயால் கேட்டபோது குலசேகரம் நிமிர்ந்து பார்த்தார்.

"அது பேப்பரிலை இருக்கிற பேர் மட்டும்தான்" என்று மிருணாளினி பிரெஞ்சில் விளக்கினாள். "பெட்டியில் சட்டப்படி அதைத்தான் போடுவீர்கள், தெரியும். உண்மையான பேர் வேறு."

ஆரெலி தலையாட்டிவிட்டு அடுத்த கேள்விக்குப் போனாள். தகனமா, அடக்கமா? மிருணாளினி தகனம் என்றாள். சைவக்காரப் பிள்ளைக்கு வேறென்ன தெரியும்? ஆரெலி கடதாசியைக் குலசேகரத்தின் பக்கம் திருப்பினாள். கணவர் கையெழுத்துப் போட வேண்டும். போடுவதற்கு முன் அவரிடம் ஒன்று கேட்க வேண்டும்.

"எரிக்க வேண்டும் என்பது அவருடைய விருப்பம்தானா, மிசியே?"

இதைவிட நேராக உலகத்தில் யாரும் கேட்க முடியாது. இல்லை என்று ஒரு சொல். அது போதும். குலசேகரம் மகளைப் பார்த்தார். அம்மாவும் போய், இப்போது அம்மா என்று நினைத்த ஆளும் பொய் என்றால் இந்தப் பிள்ளை தாங்குமா என்று தன்னைத் தானே கேட்டுக்கொண்டார். அது நல்ல சாட்டாக இருந்தது. மகளை நினைத்து அவர் பயப்படவில்லை. கோசலையை நினைத்தார், கரிகாலனின் கடையில் வழி விட்டவர்களை நினைத்தார், கோயிலுக்கு ஒரு முஸ்லிம் பெண்ணை முப்பது வருடம் கூட்டிக்கொண்டு போனவன் என்று தெருவில் திரும்பிப் பார்க்கப்போகிற முகங்களை நினைத்தார். பேனையை எடுத்துக் கையெழுத்துப் போட்டார்.

புதன்கிழமை வில்த்தனூஸ் தகனசாலையில் நல்ல வெயில். மண்டபத்தில் இடம் காணாமல் சனம் வெளியிலும் நின்றது. பெட்டிக்குள் அவளைச் சிவப்புக் கூறைச்சேலையில் கிடத்தியிருந்தார்கள். கோசலை தன் கையாலேயே மஞ்சள் பூசி, பொட்டு வைத்து, தலை நிறையப் பூ வைத்திருந்தாள். அழுதழுது அவளுக்குத் தொண்டை கட்டிப்போயிருந்தது. அவளும் மெய்யாகத்தான் அழுதாள், அதில் குற்றம் சொல்ல ஒன்றுமில்லை. குலசேகரம் குனிந்து வாய்க்கரிசி போட்டார். இந்த ஒப்பனையோடு அவள் எழும்பி, எத்தினை டேக் என்று கேட்பாள் போலத்தான் அவருக்கு இருந்தது.

ஐயர் தேவாரம் முடித்தார். பெட்டியை மூடினார்கள். மூடியில் சின்னப் பித்தளைத் தகடு, அதில் வெனிங் அஸ்தாரி. பெட்டி தண்டவாளத்தில் போய் இரும்புக் கதவுக்கு முன்னால் நின்றது. பக்கத்துச் சுவரில் ஒரு பச்சைப் பொத்தான். கொள்ளி வைப்பதற்குப் பதிலாக இங்கே அதைத்தான் அமத்துவது. பணியாளர் கையைக் காட்டி, குலசேகரத்தை முன்னுக்கு வரச்சொன்னார்.

போனார். விரலைத் தூக்கினார். இரும்புக் கதவின் விளிம்பால் சிவப்பாக ஒரு கோடு தெரிந்தது.

"வேண்டாம்" என்றார் குலசேகரம். "எரிக்காதேங்கோ. அவ முஸ்லிம். அவவின்ரை பேர் வெனிங். கிள்ளானும் இல்லை, ஒண்டும் இல்லை, நான்தான் பொய் சொன்னனான். அவ இந்தோனேசியாவிலை படத்திலை நடிச்சவ. நெருப்பிலை வெந்தவ. தன்னைப் புதைக்கச் சொன்னவ."

எல்லாவற்றையும் சொல்லிவிட்டார். முப்பத்துமூன்று வருடத்தில் முதல் தரம், நூற்றைம்பது பேருக்கு முன்னால், ஒன்றையும் மறைக்காமல். அவருடைய குரல் மண்டபத்தின் கடைசி வரிசைக்கும் கேட்டது.

பிறகு கோசலை வந்து தம்பியின் தலையைத் தன் தோளில் சாய்த்துக்கொண்டாள்.

"ஐயோ, என்ரை தம்பி. அது பேப்பர் பேரடா."

"இல்லை அக்கா. அதுதான் அவவின்ரை பேர்."

"ஓமடா, ஓம். நாலு நாளா ஒரு வாய் சாப்பிடயில்லை மனுசன்" என்று கோசலை சனத்தைப் பார்த்துச் சொன்னாள். பின் வரிசையில் யாரோ, மனுசன் தகட்டிலிருந்த பேரைப் பார்த்துக் குழம்பிவிட்டார் என்றார்கள். பாவம் என்றார்கள். மிருணாளினி அவருடைய கையைத் தடவிக்கொண்டு, பிரெஞ்சில், "பப்பா, அது பாஸ்போட்டில் இருந்த பேர், நீங்கள்தானே எனக்குச் சொன்னீங்கள்" என்றாள். யாரோ தண்ணீர்ப் போத்தலைத் திறந்து கொடுத்தார்கள். கதிரை ஒன்று வந்தது.

இன்னொரு தரம் சொல்லியிருக்கலாம். கத்தியிருக்கலாம், பெட்டிக்கு முன்னால் விழுந்திருக்கலாம், பணியாளரிடம் பிரெஞ்சில் நிறுத்து என்று ஒரு சொல் சொன்னால் அந்த மனிதர் கட்டாயம் நிறுத்தியிருப்பார். குலசேகரம் கதிரையில் உட்கார்ந்தார். தண்ணீரைக் குடித்தார். ஒருவரும் நம்பவில்லை என்று தெரிந்தபோது அவருடைய நெஞ்சுக்குள் ஒரு ஆறுதல் வந்தது. சொல்லியும் ஆச்சு, மானமும் போகவில்லை. அந்த ஆறுதலை நினைத்தால் இன்றைக்கும் அந்த மனுசனுக்குச் சோறு இறங்காது.

"அப்பாவாலை ஏலாது" என்றாள் மிருணாளினி. "நான் செய்யிறன்."

பெண்பிள்ளை செய்யலாமோ என்று ஐயர் கோசலையைப் பார்த்தார். கோசலை தலையாட்டினாள். மிருணாளினி கண்ணைத் துடைத்துக்கொண்டு சுவரடிக்குப் போய் வலக்கைப் பெருவிரலால் பொத்தானை அமத்தினாள். கதவு மேலே போனது. பெட்டி உள்ளே போனது.

சாம்பலை ஒரு சாம்பல் நிறக் குடுவையில் தந்தார்கள். அதிலும் வெனிங் அஸ்தாரி என்று ஒட்டியிருந்தது. முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு ஆட்கள் வருவார்கள், அந்தப் பேர் வேண்டாம் என்று கோசலை கரிகாலனிடம் சொல்லித் தமிழில் ஒன்று அடிப்பித்து, அதற்கு மேலே வைத்து நகத்தால் நீவி ஒட்டினாள். ரத்தினாவதி குலசேகரம், கிள்ளான். குடுவை சாமித் தட்டுக்குப் பக்கத்து மேசையில் இருந்தது. அதற்கு முன்னால் கோசலை ஒரு விளக்கும் ஏற்றி வைத்தாள். அணையாமல் பார்த்துக்கொள்ளச் சொன்னாள்.

எட்டாம் நாள் படைக்கிற எட்டுச் செலவு முடிந்த அடுத்த நாள் பத்து மணிக்கு மிருணாளினி வந்தாள். வழமையாகக் கதவடியில் சப்பாத்தைக் கழற்றுகிறவள் கழற்றாமல் உள்ளே வந்து மேசையில் உட்கார்ந்தாள். குலசேகரம் தேத்தண்ணி போட்டுக்கொண்டு வந்தபோது விளக்கு அணைந்திருந்தது. குடுவையில் கோசலை ஒட்டிய கடதாசி உரித்து எடுக்கப்பட்டிருந்தது. மிருணாளினி அதைச் சுருட்டி மேசையில் வைத்திருந்தாள்.

"சொத்துப் பேப்பர் பாக்கிற நொத்தாரியார் அம்மாவின்ரை பிறப்புப் பத்திரம் கேட்டவர்" என்றாள். "அந்தப் பாஸ்போட் ஆற்றை எண்டு தெரிஞ்சால் நல்லது எண்டு நெட்டிலை தேடினன்."

போனை அவருக்கு முன்னால் நிமிர்த்தி வைத்தாள். பழைய படம், நிறம் மங்கி, குறுக்கே கோடு கோடாக ஓடியது. நீண்ட கூந்தலும் பெரிய கண்ணுமாக ஒரு பெண் குடிசைக்குள் நின்று சிரித்தாள். இருபத்தைந்து வயதில், மிருணாளினியின் முகமே. வெளியே சனம் பந்தங்களோடு ஓடி வந்தது. கூரை பற்றியது. சிரிப்பு நின்றது. அவள் பின்பக்கம் திரும்பித் தட்டியைத் தள்ளினாள், இன்னொரு தரம் தள்ளினாள், பிறகு கேமராவைப் பார்த்து எதையோ சொன்னாள். பின்னணி இசையில் அது கேட்கவில்லை. பிறகு கத்தினாள். அது மட்டும் கேட்டது.

குலசேகரம் முகத்தைத் திருப்பினார். மிருணாளினி திருப்பவில்லை. கடைசிவரை பார்த்துவிட்டுப் போனை மூடினாள்.

"நீங்கள் அங்கை சொன்னது எல்லாம் உண்மையோ?"

"ஓம்."

சின்ன வயதிலிருந்து அப்பா தமிழில் கேட்டால் பிரெஞ்சில் பதில் சொல்கிற பிள்ளை. இப்போது ஒவ்வொரு சொல்லாகத் தேடி எடுத்துத் தமிழிலேயே கேட்டாள்.

"தன்னை எரிக்க வேண்டாமெண்டு அம்மா உங்களிட்டைச் சொன்னவவோ? நான் அதை அமத்த முதல், உங்களுக்கு அது தெரியுமோ?"

"ஓம்" என்றார் குலசேகரம்.

மிருணாளினி மேசையில் இருந்த தன் வலக்கையைப் பார்த்தாள். பிறகு அதை எடுத்து மடிக்குள் வைத்துக்கொண்டாள்.